ஒரு இருமல்கூட விட்டுப்போகாத பதிவேடு

உலகத்தில் நீதி இருக்கிறதா என்று சந்தேகப்படுகிறவர்கள் நகராட்சிக் கட்டடத்தின் மூன்றாவது மாடிக்கு ஒரு தடவை ஏறிப் பார்த்துவிட்டு வர வேண்டும். லிஃப்ட் ஓடாது. நீதியைத் தேடிப் போகிறவர்கள் மூச்சு வாங்கிக்கொண்டுதான் போக வேண்டும் என்பது அரசின் கொள்கையாக இருக்கலாம். அங்கேதான் 'பட்டியல் நிலை ஆய்வுக் குழு' என்ற மகத்தான அமைப்பு இயங்கி வந்தது. தங்கத்தை உரசிப் பார்க்கக் கல் இருக்கிறது, பாலில் கலந்த தண்ணீரை அளக்கக் கருவி இருக்கிறது. மனிதர்களில் யார் மேல், யார் கீழ், யார் எவ்வளவு கீழ் என்று அளந்து சொல்ல எதுவுமே இல்லையே என்று மனித குலம் ஏங்கிக்கொண்டிருந்த குறையை இந்தக் குழுதான் தீர்த்துவைத்தது.

சாதி என்ற சொல்லைக் குழு பயன்படுத்துவதில்லை. அது அநாகரிகம். 'பட்டியல்' என்றுதான் சொல்வார்கள். முதல் பட்டியல் என்றால் காலகாலமாக வேலை சொன்னவர்கள். நான்காம் பட்டியல் என்றால் அந்த வேலையைச் செய்தவர்கள். இடையில் உள்ள இரண்டு பட்டியல்காரர்களும் இரண்டு பக்கமும் பார்த்துக் கோபித்துக்கொண்டவர்கள்.

நான்காம் பட்டியலுக்கு நடந்த அநியாயங்களுக்குப் பரிகாரமாக, நகராட்சியின் பன்னிரண்டு வார்டுகளில் எட்டாம் வார்டை அரசு அவர்களுக்கென்று ஒதுக்கியது. அங்கே அவர்கள் மட்டும்தான் தேர்தலில் நிற்கலாம். அறிவிப்பு வந்த மறுநாளே அந்த வார்டில் அதுவரை யாரும் கண்டிராத ஓர் அதிசயம் நடந்தது. தாழ்ந்தவராக இருப்பதற்குப் போட்டி ஏற்பட்டது.

இந்த அதிசயத்தை வரலாற்றுக்காக எழுதிவைத்தவர் குழுவின் தட்டச்சர். குழுவுக்குத் தலைவர்கள் வருவார்கள், போவார்கள். தட்டச்சர் மட்டும் இருபத்திரண்டு வருடமாக அதே மூலையில், அதே மேசையில், முதுகு வளையாமல் உட்கார்ந்திருந்தார். குழுவின் பத்தொன்பதாம் விதிதான் அவருக்கு வேதம். தலைவர் மேசை மணியை ஒரு தடவை அடித்தால் அமர்வு தொடங்கும். மறுபடி அடித்தால் முடியும். இரண்டு மணிகளுக்கும் நடுவே அந்த அறையில் பேசப்படுவது, நடப்பது எல்லாம் பதிவேட்டில் ஏற வேண்டும். ஏறியதை நீக்க வேண்டுமானால் வழக்கின் இரண்டு தரப்பும் கையெழுத்துப் போட வேண்டும்.

விதியை மற்றவர்கள் படித்தார்கள். தட்டச்சர் அதன்படி வாழ்ந்தார். யாராவது இருமினால் '(இருமல்)' என்று ஏறும். தலைவர் வாயைப் பிளந்தால் '(தலைவர் கொட்டாவி விடுகிறார்)' என்று ஏறும். முன்பிருந்த ஒரு தலைவர் '(தலைவர் உறங்குகிறார், 11.40 முதல் 12.15 வரை)' என்ற வரியைப் பார்த்துவிட்டு மாற்றல் வாங்கிக்கொண்டு போனார். "என் பதிவேட்டுல ஒரு இருமல்கூட விட்டுப்போகாது" என்று தட்டச்சர் சொல்லும்போது அவர் முகத்தில் ஒரு தனிக்களை வரும். இப்போது அவருக்கு 'முதுநிலைத் தட்டச்சர்' பதவிக்கான பரிந்துரைக் கடிதம் தலைவரின் இழுப்பறையில் கையெழுத்துக்காகக் காத்திருந்தது.

வழக்கு இதுதான். எட்டாம் வார்டில் அறுபத்தோரு வாக்கு வித்தியாசத்தில் ஜெயித்தவர், பேருந்து நிலையத்தைப் பெருக்கும் ஒரு பெண். ஊரே அவரை அக்கா என்று கூப்பிடும். அந்த விஷயத்தில் ஊருக்கு ரொம்பவும் தாராள மனசு. தோற்றவர் மாவு மில்காரர். ஊரில் பாதிப் பேர் அவர் மில்லில் வேலை பார்க்கிறவர்கள், மீதிப் பேர் அவரைக் கண்டால் சைக்கிளிலிருந்து இறங்குகிறவர்கள். தேர்தல் அறிவிப்பு வரும் வரைக்கும் அவர் முதல் பட்டியல். வந்த பிறகு, தான் பிறவியிலேயே நான்காம் பட்டியல் என்பது அவருக்கு ஞாபகம் வந்துவிட்டது.

தோற்றதும் மில்காரர் மனுப் போட்டார்: ஜெயித்த பெண் நான்காம் பட்டியலே அல்ல, ஆகவே வெற்றி செல்லாது, இரண்டாவதாக வந்த தன்னைப் பதவியில் அமர்த்த வேண்டும். அக்காவும் பதில் மனுப் போட்டார்: நான்தான் அசல், அவர் போலி. பதவியேற்பு அடுத்த திங்கட்கிழமை. அதற்குள் குழு ஐந்து அமர்வில் தீர்ப்புச் சொல்லியாக வேண்டும்.

முதல் அமர்வு ஆவணங்களுக்கானது. மணி அடித்தது. அட்டெண்டர் நாற்காலியைத் துடைத்துப் போட, மில்காரர் உட்கார்ந்தார். '(மில்காரர் அமர்கிறார். நாற்காலி கிறீச்சிடுகிறது.)' என்று ஏறியது. மில்காரரிடம் பதினான்கு சான்றிதழ்கள் இருந்தன. அவருடைய தாத்தாவின் காலத்துச் சான்றிதழ் ஒன்றைத் தலைவர் புரட்டியபோது விரலில் மை ஒட்டியது.

"ஈரமா இருக்கே?" என்றார் தலைவர்.

"அந்தக் காலத்து மை" என்றார் குழுவின் நிபுணர். இவர் பேராசிரியர். தாழ்ந்தவர்களின் நடையுடை பாவனைகளைப் பற்றி ஆராய்ச்சி செய்து, அவர்கள் யாரையும் சந்திக்காமலேயே பட்டம் வாங்கியவர். "இப்ப வர்ற மைதான் உடனே காஞ்சுடுது."

அக்காவிடம் ஒரே ஒரு பிறப்புப் பதிவு இருந்தது. பட்டியல் என்ற கட்டத்தில் 'மேற்படி' என்று எழுதியிருந்தது. மேலே உள்ள வரி முந்தின பக்கத்தில் இருந்தது. முந்தின பக்கத்தை எலி தின்றுவிட்டிருந்தது.

"என்னம்மா இது? மேற்படின்னா எந்தப் படி?" என்றார் தலைவர்.

"எனக்கு முன்னாடி பொறந்த குழந்தை என்னவோ அதுதான் ஐயா நானும்" என்றார் அக்கா கதவோரத்திலிருந்து. "அது எங்க அண்ணன்தான். நாங்க ரெட்டைப் பிள்ளைங்க."

"அண்ணனைக் கூட்டிட்டு வா."

"அண்ணன் செத்து ஒம்பது வருஷமாச்சு. இறப்புப் பதிவு வச்சிருக்கேன்." எடுத்து நீட்டினார். அதிலும் மேற்படி என்றுதான் இருந்தது.

ஆவணத்தால் ஆகாத காரியத்தை வேறு வழியில் முடிப்பதற்காகக் குழு கண்டுபிடித்து வைத்திருந்ததுதான் படிவம் ஏழு-ஆ. காகிதம் பொய் சொல்லலாம், சமுதாயம் சொல்லுமா? ஆகவே, ஒருவர் நான்காம் பட்டியல்தான் என்று நிரூபிக்க, அவரைத் தாழ்ந்தவராக நடத்திய, உறவினர் அல்லாத மூன்று பேர் நேரில் வந்து "ஆமாம், நாங்கள் அப்படித்தான் நடத்தினோம்" என்று கையெழுத்துப் போட வேண்டும். படிவத்தின் அடியில் சின்ன எழுத்தில் ஒரு குறிப்பு உண்டு: 'ஒருவரை இவ்வாறு நடத்துவது ஆறு மாதச் சிறைத் தண்டனைக்குரிய குற்றம்.' மேலே கையெழுத்துப் போட்டால், கீழே உள்ள குறிப்பின்படி சிறைக்குள் தூக்கிவைப்பார்கள். இவ்வளவு நுட்பமான படிவத்தை ஒரே மூளை யோசித்திருக்க முடியாது. ஒரு துணைக்குழு போட்டுத்தான் செய்தார்கள்.

இரண்டாம் அமர்வில் மில்காரர் இந்தச் சிக்கலை ஊதித் தள்ளினார். குற்றத்துக்குப் புகார் கொடுக்க வேண்டியவர் பாதிக்கப்பட்டவர்தானே? பாதிக்கப்பட்டவர் அவர்தானே? சாட்சிகளுக்கு முன்கூட்டியே ஆளுக்கொரு 'மன்னிப்புக் கடிதம்' எழுதிக் கொடுத்துவிட்டார். அதோடு, கடந்த மூன்று மாதங்களில் தான் பட்ட அவமானங்களைப் புகைப்படமாக எடுத்து ஓர் ஆல்பமும் கொண்டுவந்திருந்தார். கல்யாண ஆல்பம் அளவுக்குக் கனமானது. அட்டெண்டர் இரண்டு கையாலும் தூக்கிவந்து மில்காரருக்குப் பக்கத்து நாற்காலியில் வைத்தார். '(ஆல்பம் நாற்காலியில் வைக்கப்படுகிறது.)'

"பதினாலாவது படம்" என்று விளக்கினார் மில்காரர். "டீக்கடைக்குள்ள விடாம என்னை வெளிய வெயில்ல நிக்கவச்ச காட்சி."

தலைவர் மூக்குக்கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு பார்த்தார். "இதுல உங்களுக்குக் குடை பிடிச்சிருக்கிறது யாரு?"

"டீக்கடைக்காரர்தான்."

"வெளிய நிக்கவச்சவரே குடை பிடிச்சாரா?"

"வெயில் ஜாஸ்தி ஐயா. சாதி வேற, மனிதாபிமானம் வேற."

பேராசிரியர் தலையசைத்து எழுதிக்கொண்டார். அடுத்ததாக மில்காரரின் டிரைவர் சாட்சி சொல்ல வந்தார். சட்டைக் காலர் வேர்வையில் நனைந்திருந்தது.

"நான் இவரை தினமும் கேவலமா திட்டுவேன் ஐயா."

"எப்படித் திட்டுவீங்க? ஒரு தடவை திட்டிக் காட்டுங்க."

டிரைவர் மில்காரரைப் பார்த்தார்.  "டேய்..." என்றார்.  "டேய்... முதலாளி..."

"இன்னும் சத்தமா" என்று மில்காரர் பல்லைக் கடித்தார்.

"டேய் முதலாளி! வண்டிய முன்னாடி கொண்டாரட்டுங்களா!" என்று கத்திவிட்டு டிரைவர் கண்ணை மூடிக்கொண்டார்.

"இயல்பான இழிவு" என்று பேராசிரியர் தீர்ப்பு வழங்கினார். "தரம், நன்று."

பதினொரு மணிக்கு அட்டெண்டர் நான்கு கோப்பைத் தேநீர் கொண்டுவந்தார். தலைவருக்கு, பேராசிரியருக்கு, தட்டச்சருக்கு, மில்காரருக்கு. தலைவர் உறிஞ்சும்போது சத்தம் வரும். அதுவும் பதிவேட்டில் ஏறியது.

மூன்றாம் அமர்வு அக்காவின் சாட்சிகளுக்கு. முதல் சாட்சி அதே டீக்கடைக்காரர்தான். முந்தின நாள் மில்காரரைத் தீண்டத்தகாதவராக நடத்தியதாக ஒப்புக்கொண்டு, மன்னிப்புக் கடிதத்தைச் சட்டைப் பையில் மடித்து வைத்திருந்தவர், இன்று உலக சகோதரத்துவத்தின் தூதுவராக வந்திருந்தார்.

"அக்காவையா? நானா? ஐயா, அக்கா எங்க குடும்பத்துல ஒருத்தர் மாதிரி. வித்தியாசமா நடத்தினேன்னு சொன்னா என் நாக்கு அழுகிப்போயிடும்."

"தம்பி" என்றார் அக்கா. "எனக்கு எதுல டீ கொடுப்ப?"

"டம்ளர்லதான் அக்கா."

"எந்த டம்ளர்?"

"உங்க டம்ளர்."

"அது எங்க இருக்கும்?"

"வெளிய, ஜன்னல் கம்பியில. ஐயா, அது அவங்களுக்குன்னே தனியா ஒதுக்கினது. வேற ஒருத்தன் தொட விடமாட்டேன். கலெக்டர் வந்தாக்கூட அந்த டம்ளர்ல கொடுக்கமாட்டேன். அவ்வளவு மரியாதை."

"கழுவுறது யாரு?"

"அவங்களேதான். நம்ம கடைதானேன்னு ஒரு உரிமை!" என்று டீக்கடைக்காரர் நெகிழ்ந்துபோனார். பேராசிரியர் 'சிறப்பு மரியாதை' என்று எழுதி இரண்டு கோடு போட்டார்.

 அக்கா டீக்கடைக்காரரைப் பார்த்துக் கையைக் கூப்பினார். "தம்பி, உன்மேல எனக்குக் கோபமில்ல. அவர் கொடுத்த மாதிரி நானும் மன்னிச்சு எழுதித் தரேன். ஒரே ஒரு தடவை உள்ளதைச் சொல்லிட்டுப் போப்பா. தண்ணிக் குழாய் அவர் மில்லு சுவரோட நின்னுபோச்சு. அதுக்கப்புறம் எங்க தெருவுக்கு இருநூறு அடிதான். பதினெட்டு வருஷமா கேக்குறோம். நான் நகராட்சிக்குள்ள போனாதான் அது வரும்."

"நான் தப்பு செஞ்சிருந்தாதானே அக்கா நீங்க மன்னிக்கிறதுக்கு?" என்றார் டீக்கடைக்காரர். அவர் சொன்னதில் தர்க்கரீதியாக ஒரு ஓட்டை இல்லை என்பதைக் குழு ஒருமனதாகக் கவனித்தது.

நான்காம் அமர்விலும் இதே கதைதான். பேருந்து நிலைய மேலாளர் அக்காவை அலுவலகத்துக்குள் விடுவதில்லை என்ற குற்றச்சாட்டைக் கேட்டுக் காதைப் பொத்திக்கொண்டார். கையெழுத்துப் போடும் ரெஜிஸ்டரை ஜன்னல் வழியாக நீட்டுவது உண்மைதான், அது காற்றோட்டத்துக்காக. அடுக்குமாடிக் குடியிருப்பின் செயலாளர் அக்காவைப் பின்பக்கப் படிக்கட்டில் மட்டுமே ஏறவிடுவதும் உண்மைதான்; முன்பக்க லிஃப்டில் அவருக்கு மயக்கம் வந்துவிடுமே என்ற கவலை. மொத்தத்தில் அந்த ஊரில் யாரும் யாரையும் ஒருபோதும் தாழ்வாக நடத்தியதே இல்லை என்பது ஐயத்துக்கிடமின்றி நிரூபணமானது. மில்காரரைத் தவிர. அவரை மட்டும் போட்டுப் படுத்தியிருந்தார்கள்.

"இவ்வளவு பாசமா நடத்துற ஊர்ல நீ எப்படிம்மா நான்காம் பட்டியலா இருக்க முடியும்?" என்று தலைவர் உண்மையான அக்கறையோடு கேட்டார்.  '(பதில் இல்லை)' என்று ஏறியது.

அன்று வீட்டில் சாப்பிடும்போது தட்டச்சர் மனைவியிடம் நாலு நாள் பதிவேட்டின் அருமை பெருமைகளைச் சொல்லிக்கொண்டிருந்தார். நூற்றெழுபது பக்கம், ஒரு பிழை கிடையாது, இருமல் மட்டும் முப்பத்தொன்பது.

"ஊரான் இருமலை எல்லாம் உக்காந்து எழுதுறீங்க" என்றார் மனைவி. "நான் ஒரு வாரமா இருமிக்கிட்டு இருக்கேன். அது உங்க காதுல விழுந்துச்சா?"

தட்டச்சர் நிமிர்ந்து பார்த்தார். "இருமுறியா என்ன?"

"மோர் ஊத்தட்டுமா?" என்றார் மனைவி.

ஐந்தாம் அமர்வு. தீர்ப்பு. மில்காரர் புதுச் சட்டையில் வந்தார். ஆல்பமும் வந்தது. மணி அடித்தது. மில்காரர் உட்கார்ந்தார், ஆல்பமும் தன் இடத்தில் உட்கார்ந்தது. தலைவர் எழுந்து, தொண்டையைச் செருமி, வாசித்தார்.

"மில்காரர் அவர்கள் நான்காம் பட்டியலைச் சேர்ந்தவர் என்பதையும், மூன்று மாத காலமாக அவர் அனுபவித்த சொல்லொணா இழிவுகளையும் இக்குழு கனத்த இதயத்தோடு உறுதி செய்கிறது. எதிர்த்தரப்பாகிய பெண்மணியைப் பொறுத்தவரை, அவரைத் தாழ்வாக நடத்திய ஒருவரைக்கூட இந்த ஊரில் கண்டுபிடிக்க முடியவில்லை. ஆகவே அவர் எவ்வகையிலும் தாழ்ந்தவர் அல்லர். இந்த நற்செய்தியை அவருக்குத் தெரிவிப்பதில் குழு மகிழ்ச்சி அடைகிறது. அவரது வெற்றி செல்லாது."

பிறகு தலைவர் தாளை மடித்துவிட்டு அக்காவைப் பார்த்துக் கனிவாகச் சிரித்தார். "வருத்தப்படாதீங்கம்மா. பதவி போனா என்ன? இன்னைக்கிலருந்து நீங்களும் எங்கள்ல ஒருத்தர்."

பேராசிரியர் கைதட்டினார். அட்டெண்டரும் தட்டினார். '(கரவொலி)'.

அக்கா அந்த வார்த்தைகளை மனதுக்குள் ஒரு தடவை திருப்பிப் பார்த்ததுபோல் இருந்தது. பிறகு கதவோரத்திலிருந்து நடந்து வந்தார். மில்காரருக்குப் பக்கத்து நாற்காலியிலிருந்து ஆல்பத்தை எடுத்தார். அதைப் பத்திரமாகத் தரையில் வைத்தார். சேலையைச் சரிசெய்துகொண்டு நாற்காலியில் உட்கார்ந்தார்.

தலைவரின் சிரிப்பு அப்படியே உறைந்தது. ஒரு கணம்தான். அடுத்த கணம் மேசையில் ஓங்கி அறைந்தார்.

"ஏய்! யாரு உன்னை உக்காரச் சொன்னது? எந்திரி! யார் முன்னாடி உக்கார்றோம்னு தெரிய வேணாம்?"

பேராசிரியர் தன் நாற்காலியை இழுத்துக்கொண்டு இரண்டு முழம் தள்ளிப் போனார். "இதுக்குத்தான் இவங்களை எல்லாம் உள்ளயே விடக்கூடாதுங்கிறது" என்று முணுமுணுத்தார். அட்டெண்டர், அக்கா இன்னும் எழுந்திருக்கவில்லை என்பதைக்கூடப் பார்க்காமல், நாற்காலியைத் துடைக்கத் துணியோடு ஓடிவந்தார். எல்லாரையும்விடப் பலமாகக் கத்தியவர் ஐந்து நிமிடத்துக்கு முன் நான்காம் பட்டியலில் சேர்ந்த மில்காரர்.

"என் பக்கத்துல, எனக்குச் சமமா உக்கார்றியா? உங்க ஆளுங்களுக்கு இடம் கொடுத்தா இப்படித்தான்! எங்க பரம்பரையில எவன் முன்னாடியும் உங்க கூட்டம் உக்காந்தது கிடையாது!"

 கத்தி முடித்ததும் அறையில் ஒரே ஒரு சத்தம்தான் கேட்டது. மூலையில் விசைப்பலகை சடசடவென்று ஓடிக்கொண்டிருந்தது.

 தலைவர் மேசையைப் பார்த்தார். மணி அங்கே இருந்தது. அதை அவர் இன்னும் அடிக்கவில்லை.

"டைப்பிஸ்ட்! அதை எழுதாதீங்க!"

தட்டச்சர் 'டைப்பிஸ்ட்! அதை எழுதாதீங்க!' என்று எழுதினார்.

"ஐயோ, நான் சொல்றதை எழுதாதீங்கன்னா!"

அதுவும் ஏறியது. தலைவர் வாயை மூடிக்கொண்டு, கண்ணை உருட்டி, இழுப்பறையைச் சுட்டிக்காட்டினார். தட்டச்சருக்குப் புரிந்தது. அந்த இழுப்பறையில்தான் பரிந்துரைக் கடிதம் இருந்தது. கை ஒரு நொடி நின்றது. இருபத்திரண்டு வருடம். பிறகு விரல்கள் தாமாகவே ஓடின. '(தலைவர் கண்ணால் சைகை செய்கிறார். இழுப்பறையைக் காட்டுகிறார்.)'

கடைசியில் அட்டெண்டர்தான் பாய்ந்து மணியை அடித்தார்.

"எழுதிட்டீங்களா சார்?" என்று அக்கா நாற்காலியிலிருந்தே கேட்டார்.

"முழுசா" என்றார் தட்டச்சர்.

பத்தொன்பதாம் விதிப்படி, ஏறியதை நீக்க இரு தரப்புக் கையெழுத்தும் வேண்டும். மில்காரர் முதல் ஆளாகப் போட்டார். அக்கா பேனாவைத் தொடவில்லை. இதற்குள் அவர் ஏழு-ஆ படிவத்தை மடியிலிருந்து எடுத்து மேசைமேல் விரித்திருந்தார்.

"மூணு பேர் வேணும்னீங்க" என்றார். "உறவுக்காரங்களா இருக்கக் கூடாதுன்னீங்க. நேர்ல வந்து ஒத்துக்கணும்னீங்க. ஐயா கத்தினீங்க, அந்த ஐயா நகர்ந்தாரு, இந்தத் தம்பி துணியோட வந்தாரு. மூணு சரியா வருது. உறவுன்னா, நாம யாரும் உறவில்லையே?"

"இல்லவே இல்லை!" என்று மூன்று பேரும் ஒரே குரலில் சொன்னார்கள்.

குற்றம் பதிவேட்டில் ஏறிவிட்டது; புகார் கொடுப்பதும் மன்னிப்பதும் இனி அக்காவின் கையில். அடுத்த இருபது நிமிடத்தில் அந்தக் குழு காட்டிய வேகத்தை அதன் வரலாற்றில் அதற்கு முன்னும் பின்னும் யாரும் கண்டதில்லை. 'குழுவுக்கு நேரடியாகக் கிட்டிய அனுபவத்தின் அடிப்படையில்' அக்கா சந்தேகத்துக்கு இடமில்லாத நான்காம் பட்டியல் என்று திருத்திய தீர்ப்பு வந்தது. மில்காரர், அவர் வாயாலேயே, முதல் பட்டியலுக்குத் திருப்பி அனுப்பப்பட்டார். அவர் ஆல்பத்தைத் தூக்கிக்கொண்டு டிரைவரைக் கூப்பிட்டபோது, டிரைவர் பழக்கதோஷத்தில் "டேய் முதலாளி, இதோ வந்துட்டேன்" என்று சொல்லிவிட்டு வேலையை இழந்தார். மூன்று பேரும் படிவத்தில் கையெழுத்துப் போட்டார்கள். தலைவரின் பேனா அடியில் இருந்த சின்ன எழுத்தைக் கண்டதும் பாதிக் கையெழுத்தில் நின்றது.

"அந்த... மன்னிப்புக் கடிதம்..." என்று இழுத்தார்.

"எழுதித் தரேன் ஐயா" என்றார் அக்கா. "குழாய்ல தண்ணி வந்த அன்னைக்கு."

திங்கட்கிழமை அக்கா பதவியேற்றார். எட்டாம் வார்டின் இருநூறு அடிக் குழாய்க்கான கோப்பு, குழுத் தலைவரே மேசை மேசையாகத் தூக்கிக்கொண்டு அலைந்த காரணத்தால், ஆறே வாரத்தில் கையெழுத்தானது. பதினெட்டு வருடம் தூங்கிய கோப்பு அது. தலைவருக்கு அவ்வளவு சமூக அக்கறை இருக்கும் என்று அவர் மனைவிகூட நினைத்ததில்லையாம்.

இந்தக் கதையின் நாயகர் யார் என்பதில் தட்டச்சருக்குச் சந்தேகமே இல்லை. பரிந்துரைக் கடிதம் கிழிக்கப்பட்டுவிட்டது. அதனால் என்ன? கத்தினவர் தலைவர். நகர்ந்தவர் பேராசிரியர். துடைக்க வந்தவர் அட்டெண்டர். அந்த அறையில் தவறே செய்யாத ஒரே மனிதர் அவர்தான். ஒரு சொல்லை விடாமல், ஒரு சொல்லைச் சேர்க்காமல், உண்மையை உள்ளபடி எழுதினார், உண்மை ஜெயித்தது. மனைவியிடம் இதை மூன்று தடவை சொன்னார். மனைவி இருமிக்கொண்டே கேட்டார்.

பதவியேற்ற மறுவாரம் அக்கா பதிவேட்டின் நகலை வாங்க மூன்றாவது மாடிக்கு ஏறி வந்தார். ஐந்து அமர்வு, இருநூற்றுப் பன்னிரண்டு பக்கம். தட்டச்சர் அதைக் கயிற்றால் கட்டி, முத்திரை குத்தி, குழந்தையைக் கொடுப்பதுபோல் இரண்டு கையாலும் கொடுத்தார்.

"ஒரு எழுத்து விட்டுப்போகல. ஒரு இருமல்கூட விட்டுப்போகல. நீங்க எங்க வேணும்னாலும் பிரிச்சுப் பாக்கலாம்."

"நீங்க இல்லன்னா நான் ஜெயிச்சிருக்க முடியாது சார்" என்றார் அக்கா. மனதாரத்தான் சொன்னார். தட்டச்சருக்குக் கண் கலங்கியது.

அக்கா கயிற்றை அவிழ்த்தார். விரலை எச்சில் தொட்டு ஒவ்வொரு பக்கமாகப் புரட்டினார். பள்ளிக்கூடம் ஐந்து வகுப்புதான், ஆனாலும் எழுத்துக்கூட்டிப் படித்துவிடுவார். முதல் அமர்வு முழுவதையும் பார்த்தார். இரண்டாவதைப் பார்த்தார். மூன்றாவதுக்குப் போனவர் மறுபடி முதலுக்கு வந்தார். எதையோ தேடுவது தெரிந்தது.

"என்ன தேடுறீங்க? சொல்லுங்க, நான் எடுத்துத் தரேன். பக்கம் பக்கமா எனக்கு மனப்பாடம்."

"மில்காரர் உக்காந்தது இருக்கு சார்" என்றார் அக்கா. "அஞ்சு நாளும் இருக்கு. நாற்காலி கிறீச்சுன்னதுகூட இருக்கு. ஐயா டீ குடிச்ச சத்தம் இருக்கு. ஆல்பம் உக்காந்தது இருக்கு." நிமிர்ந்து பார்த்தார். "நான் அஞ்சு நாளும் கதவோரமா நின்னேனே சார். அது எந்தப் பக்கத்துல இருக்கு?"

தட்டச்சர் நகலை வாங்கினார். புரட்டினார். தெரிந்த பக்கங்கள்தான். வேகமாகப் புரட்டினார், பிறகு மெதுவாக. இருநூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்துக்கு வந்து நின்றார். முகத்தில் இருந்த அந்தத் தனிக்களை மெல்ல இறங்கியது.

"அது... வந்து..." என்றார். "வழக்கமா அப்படித்தானே? எழுதணும்னே எனக்குத் தோணல."

அக்கா நகலை அவர் கையிலிருந்து வாங்கி, கயிற்றைப் போட்டு மறுபடி கட்டினார்.

"அதைத்தான் சார் நான் அஞ்சு நாளா நிரூபிக்கப் பாத்தேன்" என்றார்.

சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போனார். தட்டச்சரின் மேசைக்கு எதிரே இருந்த நாற்காலி, அக்கா வந்த நேரத்திலிருந்து போகும் வரைக்கும் காலியாகத்தான் கிடந்தது.